ஜாதி வேலிடிட்டி சர்டிபிகேட்டும் மும்பை வார்டு 90 கேஸும்: கெடு ஒருத்தர் தலையில, கடிகாரம் இன்னொருத்தர் கையில

தாராவில எனக்குத் தெரிஞ்ச ஒரு தம்பி இருக்கான், கட்சில பல வருஷமா போஸ்டர் ஒட்டி, தண்ணி வரலன்னா வார்டு ஆபீஸ் வாசல்ல போய் நின்னு கத்தி ஏரியால பேர் வாங்குனவன். மாநகராட்சி தேர்தல் வரப்போகுதுன்னு பேச்சு கிளம்புனப்ப போன் பண்ணான். ரிசர்வ் வார்டு ஒண்ணுல சீட் கேக்கலாம்னு இருக்கேண்ணே, ஜாதி சர்டிபிகேட் கைல இருக்கு, நாமினேஷன் போட்டா போதும்லன்னான். வேலிடிட்டி இருக்கான்னு கேட்டேன். "ரெண்டும் ஒண்ணுதானேண்ணே?"

ஒண்ணு இல்ல. இந்த ஒரு விஷயம் தெரியாம ஜெயிச்ச பதவிய விட்டவங்க மகாராஷ்டிரால நிறைய பேர். நம்ம ஊர்ல தாசில்தார் ஆபீஸ்ல ஜாதி சர்டிபிகேட் வாங்குனா (எஸ்டின்னா ஆர்டிஓ கிட்ட) தேர்தல்ல நிக்க அது போதும், யாராச்சும் புகார் குடுத்தாதான் அப்புறம் விசாரணை கமிட்டி, கோர்ட்டுன்னு போகும். மகாராஷ்டிரால இது ரெண்டு படி. முதல்ல அதிகாரி குடுக்கிற ஜாதி சர்டிபிகேட், அதுக்கு மேல ஸ்க்ரூட்டினி கமிட்டி, மராத்தில ஜாத் படதாளணி சமிதின்னு சொல்வாங்க, அவங்க பழைய பேப்பரெல்லாம் தோண்டிப் பாத்துட்டு ஆமா இவர் இந்த ஜாதிதான்னு குடுக்கிற வைததா பிரமாண்பத்ர, அதாவது வேலிடிட்டி. ரெண்டாவது இல்லாம முதல்தை வச்சுக்கிட்டு ரிசர்வ் சீட்ல ஜெயிக்கலாம், உக்காரலாம், ஆனா நிலைக்க முடியாது. சுப்ரீம் கோர்ட் வரைக்கும் போன மும்பை வார்டு 90 கேஸும் இத வச்சுத்தான்.

இந்த கமிட்டி எங்கிருந்து வந்துச்சுன்னா 1994 செப்டம்பர்ல சுப்ரீம் கோர்ட் சொன்ன மாதுரி பாட்டில் தீர்ப்புல இருந்து. அது மகாதேவ் கோலின்னு எஸ்டி கோட்டால மெடிக்கல் சீட் வாங்குன விவகாரம், தேர்தலுக்கும் அதுக்கும் சம்பந்தமே இல்ல. போலி சர்டிபிகேட்ட வச்சு சீட்ட வாங்கிட்டு, கேஸ இழுத்தடிச்சு, படிப்ப முடிச்சுட்டு, இப்ப என்னை என்ன பண்ணுவீங்கன்னு நிக்கிறது ஒரு பழக்கமாவே ஆயிடுச்சுன்னு கோர்ட்டுக்கு செம கோவம். அதனால வரிசையா 15 வழிமுறை போட்டாங்க, அதிகாரிகள் கொண்ட கமிட்டி, அதுக்குக் கீழ ஊருக்கே போய் விசாரிக்கிற விஜிலன்ஸ் செல், கமிட்டி சொல்றதுதான் கடைசி, சிவில் கோர்ட்டுக்குப் போக முடியாது, வேணும்னா அரசியல் சட்டம் 226 ஆவது பிரிவுல ஐகோர்ட்டுக்கு ரிட் மட்டும் போடலாம். மகாராஷ்டிரா அதையே 2000 ஆம் வருஷ சட்டமா எழுதிடுச்சு, புத்தகத்துல 2001 இன் 23 ஆவது சட்டம். அதுல செக்‌ஷன் 7(2) அதே 226 கதவ மட்டும் திறந்து வைக்குது, செக்‌ஷன் 8 நிரூபிக்கிற பாரத்த உரிமை கேக்கிறவர் தலையிலயே வைக்குது, செக்‌ஷன் 11 போலின்னா 6 மாசத்துல இருந்து 2 வருஷம் வரைக்கும் ஜெயில்னு சொல்லுது.

இது வரைக்கும் சரி. சிக்கல் எங்க வருதுன்னா இத தேர்தல் சட்டத்தோட கோத்த இடத்துல.

மும்பை மாநகராட்சி சட்டத்துல 5பி, நகர பரிஷத் சட்டத்துல 9ஏ, கிராம பஞ்சாயத்து சட்டத்துல 10-1ஏ, எல்லாம் ஏறக்குறைய ஒரே வாசகம்தான். ரிசர்வ் சீட்ல நிக்கிறவர் நாமினேஷனோட ஜாதி சர்டிபிகேட், வேலிடிட்டி ரெண்டையும் குடுக்கணும். வேலிடிட்டிக்கு அப்ளை பண்ணிட்டு இன்னும் வரலன்னா, அப்ளை பண்ணுன ஆதாரத்தயும், ஜெயிச்சா 6 மாசத்துல (அப்ப இருந்த கெடு, பின்னாடி 12 ஆச்சு) கொண்டு வந்து குடுத்துடறேன்னு ஒரு உறுதிமொழியயும் குடுத்துட்டு நிக்கலாம். அந்த 6 மாசத்துல குடுக்கலன்னா அவரோட தேர்தல் பின்தேதியிட்டு முடிஞ்சதா கருதப்படும், பதவிக்கும் தகுதி இல்ல.

"கருதப்படும்" ங்கிறதுதான் வார்டு 90 கேஸோட மொத்த எடையும். சட்டக்காரங்க இத டீமிங் ஃபிக்‌ஷன்னு சொல்வாங்க. யாரும் ஆர்டர் போட வேண்டாம், யாரும் வந்து நாற்காலிய இழுக்க வேண்டாம், கடைசி நாள் ராத்திரி 12 மணி தாண்டுனா நீங்க ஜெயிக்கவே இல்லன்னு ஆயிடும்.

ஆனா கமிட்டி எப்ப முடிவு சொல்லும்ங்கிறது வேட்பாளர் கைல இல்ல. மாணவங்க, அரசு வேலைக்காரங்க, தேர்தல்காரங்கன்னு எல்லா ஃபைலும் ஒரே மேசைக்குத்தான் வருது, விஜிலன்ஸ் ஆபீசர் ஊருக்குப் போகணும், ரிப்போர்ட் எழுதணும், ரிப்போர்ட் பாதகமா இருந்தா நோட்டீஸ் குடுத்து பதில் கேக்கணும், இதெல்லாம் 6 மாசத்துல முடியும்னு சட்டம் எழுதுனவங்க நம்பினாங்க போல. ஜெயிச்சவர் எல்லா பேப்பரும் குடுத்துட்டு உக்காந்திருக்கார், கமிட்டி ஏழாவது மாசம் கூப்பிட்டு இந்தாங்க வேலிடிட்டி, நீங்க உண்மைலயே இந்த ஜாதிதான்னு குடுக்குது. பதவி இருக்கா இல்லையா?

பம்பாய் ஐகோர்ட்ல இதுக்கு ஆளுக்கு ஒரு பதில் வந்துகிட்டு இருந்துச்சு, கடைசில மூணு நீதிபதி ஃபுல் பெஞ்ச் 2016 டிசம்பர்ல அனந்த் உலஹல்கர் கேஸ்ல, இல்ல, போச்சுன்னு சொல்லிடுச்சு. 6 மாசம்ங்கிறது கட்டாயம், தாமதம் யார் தப்பா இருந்தாலும் கணக்கு இல்ல, அப்புறமா வர வேலிடிட்டி செத்த தேர்தலுக்கு உயிர் குடுக்காது. 2018 ஆகஸ்ட்ல சங்கர் தேவரே கேஸ்ல சுப்ரீம் கோர்ட்டும் அதுக்கே முத்திரை குத்துச்சு. அன்னைக்கு மகாராஷ்டிரா பூரா உள்ளாட்சிகள்ல ஒரே கலவரம், கோலாப்பூர் மாநகராட்சில மட்டும் ஏறக்குறைய 20 பேர் பதவி ஆட்டம் கண்டுச்சு. இதுல கட்சி வித்தியாசமே இல்ல, எல்லா கட்சிலயும் ஆள் மாட்டுனாங்க, அதனாலயோ என்னவோ அரசாங்கம் உடனே முழிச்சுக்கிட்டு 2018லயே 6 மாசத்த 12 மாசமாக்கி சட்டத்த திருத்துச்சு. பின்னாடி 2023ல கிராம பஞ்சாயத்து, பஞ்சாயத்து சமிதி, ஜில்லா பரிஷத்துக்கு தற்காலிகமா இன்னும் அவகாசம் குடுத்து தனியா ஒரு சட்டமே போட்டாங்க. இப்படி ஒவ்வொரு தடவயும் கெடுவ நீட்டுறத பாத்தாலே தெரியல, கோளாறு வேட்பாளர்கிட்ட இல்ல மேசைலன்னு?

என் கருத்து கேட்டா தேவரே தீர்ப்பு சட்ட வாசகப்படி சரி, நியாயப்படி கசப்பு. கோர்ட் பக்கமும் ஒரு நியாயம் இருக்கு, அத மறைக்கக் கூடாது. கெடுவ தளர்த்திவிட்டா போலி ஆளு என்ன பண்ணுவான், அப்ளை பண்ணிட்டு விசாரணைக்கு வராம, வாய்தா வாங்கி, வாய்தா வாங்கி 5 வருஷம் ஓட்டிடுவான். அந்த 5 வருஷமும் உண்மையான தலித்தோ ஆதிவாசியோ உக்கார வேண்டிய நாற்காலில வேற ஒருத்தன் உக்காந்திருப்பான். இது கற்பனை இல்ல, மாதுரி பாட்டில் தீர்ப்பே இந்த ஏமாத்தத்த பாத்து வந்ததுதான்.

சரி, இப்ப நம்ம கேஸுக்கு வருவோம். 2017 பிப்ரவரி 21 மும்பை மாநகராட்சி தேர்தல், 227 வார்டு, 23 ஆம் தேதி ரிசல்ட். சிவசேனா 84, பிஜேபி 82ன்னு மூச்சு முட்டுன தேர்தல், அதனால ஒவ்வொரு வார்டுக்கும் தங்கத்தோட விலை. வார்டு 90, பிற்படுத்தப்பட்டோருக்கு ஒதுக்குனது, காங்கிரஸ்ல நின்ன துலிப் பிரையன் மிராண்டா ஜெயிச்சாங்க. தோத்தவர் பெனடிக்ட் டெனிஸ் கின்னி. மும்பை சட்டத்துல ஒரு விசேஷம் உண்டு, செக்‌ஷன் 33ல தேர்தல் மனு ஸ்மால் காசஸ் கோர்ட் (சின்ன வழக்குகளுக்கான கோர்ட்) தலைமை நீதிபதிகிட்ட போகும், ஜெயிச்சவர் தேர்தல் ரத்தாச்சுன்னா அடுத்தபடியா ஓட்டு வாங்குனவர் அந்த இடத்துக்கு வர வழி இருக்கு. இடைத்தேர்தலே வேண்டாம். அதனால மும்பைல ரெண்டாவது வந்தவருக்கு ஜெயிச்சவரோட ஜாதி பேப்பர் மேல இருக்கிற அக்கறை சாதாரணமானது இல்ல. (2019 வாக்குல அந்தேரி பக்கம் இப்படித்தான் கவுன்சிலர்கள் மாறுனாங்க.)

மிராண்டா வேலிடிட்டிக்கு அப்ளை பண்ணிட்டு, உறுதிமொழி குடுத்துட்டு நின்னவங்க. ஜெயிச்ச பிறகு கெடு ஓடிக்கிட்டு இருக்கும்போதே கமிட்டி இவங்க உரிமைய நிராகரிச்சு ஆர்டர் போட்டுடுச்சு. இங்கதான் தேவரே கேஸுக்கும் இதுக்கும் வித்தியாசம், அங்க பிரச்சனை தாமதம், இங்க பிரச்சனை நிராகரிப்பு. அவங்க உடனே ஐகோர்ட்டுக்கு ஓடுனாங்க, கெடு முடியறதுக்குள்ள இடைக்கால உத்தரவும் வாங்கிட்டாங்க. அப்புறம் கெடு தேதி வந்துச்சு, போச்சு. கைல வேலிடிட்டி இல்ல. கைல இருந்தது ஐகோர்ட் பேப்பர் மட்டும்.

கின்னி தரப்பு வாதம் எளிமையானது, கொஞ்சம் பலமானதும் கூட. சட்டம் என்ன கேக்குது, கெடுக்குள்ள வேலிடிட்டி. குடுத்தீங்களா? இல்ல. முடிஞ்சுது. நிராகரிச்ச ஆர்டருக்கு ஸ்டே வாங்குனா நிராகரிப்பு தற்காலிகமா வேலை செய்யாது, அவ்வளவுதான், அதனால சர்டிபிகேட் ஒண்ணும் மரத்துல இருந்து விழுந்துடாது. ஸ்டே இருந்தாலும் இல்லன்னாலும் உங்க கை காலி, தேவரே தீர்ப்புப்படி கை காலின்னா பதவி காலி. ஐகோர்ட்டே ஆனாலும் சட்டசபை போட்ட கெடுவ நீட்ட முடியுமா?

நான் இத முதல் தடவ படிச்சப்ப இந்த வாதத்துக்கு பதில் இல்லன்னுதான் நினைச்சேன். பதில் சட்டத்துக்குள்ள இல்ல, சட்டத்துக்கு மேல இருந்துச்சு.

2020 மார்ச் 19, ஊரடங்குக்கு சில நாள் முன்னாடி, சுப்ரீம் கோர்ட் நீதிபதி அசோக் பூஷண் எழுதுன தீர்ப்பு வந்துச்சு. அதோட சாரத்த என் பாஷைல சொல்றேன். கமிட்டி முடிவு தப்பா இருந்தா ஐகோர்ட் 226ல தலையிடலாம்ங்கிறத 2000 ஆம் வருஷ சட்டமே ஒத்துக்குது, ஒத்துக்கலன்னாலும் நீதிமன்ற மறுஆய்வு அரசியல் சட்டத்தோட அடிப்படைக் கட்டமைப்பு, 1997 சந்திர குமார் தீர்ப்புல இருந்து இது கல்லுல எழுதுன விஷயம், சாதாரண மாநில சட்டம் ஒண்ணு இத குறைக்க முடியாது. அந்த அதிகாரம்னா கடைசித் தீர்ப்பு சொல்ற அதிகாரம் மட்டும் இல்ல, அது வரைக்கும் கேஸ் போட்டவர காப்பாத்தி வைக்கிற அதிகாரமும் சேந்ததுதான். கெடு முடிய 5 நாள் இருக்கும்போது கமிட்டி தப்பா நிராகரிக்குதுன்னு வச்சுக்குங்க, 5 நாள்ல எந்த ஐகோர்ட் முழுசா கேஸ் கேட்டு தீர்ப்பு சொல்லும்? 2 வருஷம் கழிச்சு கமிட்டி பண்ணது தப்புன்னு தீர்ப்பு வந்தா அதுக்குள்ள பதவி பின்தேதியிட்டு காலியாகி, எதிராளி உக்காந்து, பாதி காலமே முடிஞ்சிருக்கும். அப்படின்னா 226ங்கிறது பேருக்கு இருக்கிற மருந்து. அதனால கெடு முடியறதுக்குள்ள ஐகோர்ட் இடைக்கால உத்தரவு குடுத்திருந்தா அந்த "கருதப்படும்" வேலை செய்யாது, தேர்தல் தானா சாகாது. மிராண்டா பதவி நிலைச்சுது, கின்னியோட அப்பீல் தள்ளுபடி.

தேவரே என்ன ஆச்சுன்னா, அது அப்படியே இருக்கு. இதத்தான் பல பேர் தப்பா புரிஞ்சுக்கிறாங்க, கின்னி கேஸ் வந்துடுச்சு இனிமே கெடு பத்தி கவலை இல்லன்னு சில வக்கீல்களே சொல்லிக் கேட்டிருக்கேன். கவலை இருக்கு சாமி. கெடு கட்டாயம்தான். கின்னி கேஸ் செஞ்சது என்னன்னா ஒரு ஜன்னல் திறந்துச்சு, அந்த ஜன்னலும் கெடு முடியற நாள்ல சாத்திக்கும். கெடு தாண்டி ஒரு வாரம் கழிச்சு கோர்ட்டுக்குப் போய் ஐயா கமிட்டி தாமதம் பண்ணிடுச்சுன்னு அழுதா தேவரேதான் கிடைக்கும்.

இதுல ஒரு ஓரவஞ்சன இருக்கு பாருங்க, கமிட்டி நிராகரிச்சா உங்களுக்கு நல்லது! ஆர்டர் கைல வந்துடும், ரிட் போட ஒரு பொருள் கிடைக்கும், ஸ்டே வாங்கலாம். கமிட்டி ஒண்ணுமே சொல்லாம ஃபைல தூங்க விட்டாதான் ஆபத்து, எதுக்கு ஸ்டே கேப்பீங்க? அங்க கெடு முடியறதுக்கு ரெண்டு மாசம் முன்னாடியே சீக்கிரம் முடிவு பண்ண உத்தரவு போடுங்கன்னு ரிட் போடணும், அத மும்பை, நாக்பூர், ஔரங்காபாத் பெஞ்ச்ல வக்கீல் வச்சு பண்ற கவுன்சிலர் வேற, கட்சிரோலி பக்கம் காட்டுக்குள்ள இருக்கிற கிராம பஞ்சாயத்து மெம்பர் வேற. அவங்களுக்கு கெடு முடிஞ்சதே கலெக்டர் ஆபீஸ் லெட்டர் வந்தாதான் தெரியும்.

இன்னொரு பக்கமும் பாத்துடணும், கமிட்டி ஒரு அரசியல் ஆயுதமா மாறுனா என்ன ஆகும்ங்கிறது. நாக்பூர் ஜில்லா பரிஷத் தலைவரா இருந்த ரஷ்மி பர்வே 2024ல ராம்டெக் தனித் தொகுதில காங்கிரஸ் எம்பி வேட்பாளர். மார்ச் 28, வேட்புமனு பரிசீலனை நாள், அன்னைக்குன்னு பாத்து கமிட்டி இவங்க வேலிடிட்டிய ரத்து பண்ணுது, மனு தள்ளுபடி. மாற்று வேட்பாளரா மனு போட்டிருந்த கணவர் ஷியாம்குமார் பர்வே நின்னு ஜெயிச்சுட்டார், அது வேற கதை. செப்டம்பர்ல நாக்பூர் பெஞ்ச் கமிட்டி ஆர்டர ரத்து பண்ணி, ஒரு லட்சம் ரூபா செலவுத் தொகையும் போட்டுச்சு. நீதி கிடைச்சுது, தொகுதி கிடைக்கல. கின்னி கேஸ்ல கோர்ட் எதப் பாத்து பயந்துச்சோ, கடைசி நேர ஆர்டரும் பிந்தி வர தீர்ப்பும், அது இங்க கண்ணு முன்னாடி நடந்துச்சு.

சரி, கமிட்டி உள்ள என்னதான் பாக்குது? வெறும் சட்டம் பேசிட்டுப் போனா அந்த 12 மாசம் ஏன் பத்தலங்கிறது புரியாது. அப்பா, தாத்தா, தாத்தாவோட அண்ணன் தம்பி ஸ்கூல் லீவிங் சர்டிபிகேட், கிராமத்து கோத்வால் (கிராம உதவியாளர்) வச்சிருந்த பிறப்பு இறப்பு புக்கோட நகல், வம்சாவளின்னு குடும்ப மரம் வரைஞ்சு அபிடவிட். எஸ்சின்னா 1950 ஆகஸ்ட் 10, எஸ்டின்னா 1950 செப்டம்பர் 6, நாடோடி சமூகங்கள்னா 1961 நவம்பர் 21, ஓபிசின்னா 1967 அக்டோபர் 13, இந்த தேதிகளுக்கு முன்னாடியே குடும்பம் மகாராஷ்டிரால இருந்ததுன்னு காட்டணும். எஸ்டி கேஸ்னா இதுக்கும் மேல அஃபினிட்டி டெஸ்ட், உங்க குலசாமி யாரு, கல்யாணத்துல என்ன சடங்கு, சாவுக்கு என்ன பண்ணுவீங்கன்னு கேள்வி. மூணு தலைமுறையா டவுன்ல ஃப்ளாட்ல இருக்கிறவனுக்கு குலசாமி சடங்கு என்ன தெரியும்? 2011லயே ஆனந்த் கேஸ்ல, சுதந்திரத்துக்கு முந்தின பேப்பருக்குத்தான் எடை அதிகம், இந்த டெஸ்ட் துணைக்கு மட்டும்னு சுப்ரீம் கோர்ட் சொல்லிப் பாத்துச்சு, கமிட்டிகள் கேக்கல, 2023 மார்ச்ல மூணு நீதிபதி பெஞ்ச் தாக்கூர் ஜமாத் கேஸ்ல அஃபினிட்டி டெஸ்ட்ட உரைகல்லா வைக்கக் கூடாதுன்னு திரும்பவும் சொல்ல வேண்டியதாச்சு.

நம்மாளுங்களுக்கு இதுல கூடுதல் கஷ்டம். திருநெல்வேலி பக்கத்துல இருந்து தோல் வேலைக்கும் மில் வேலைக்கும் வந்து தாராவில குடியேறுன குடும்பங்கள், ஊர்ல எஸ்சி, இங்க? 1990ல மர்ரி சந்திரசேகர ராவ் தீர்ப்பு, 1994ல ஆக்‌ஷன் கமிட்டி தீர்ப்பு ரெண்டும் ஒண்ணத்தான் சொல்லுது, ஒரு மாநிலத்துப் பட்டியல் ஜாதி இன்னொரு மாநிலத்துக்குக் கூடவே வராது. நெல்லைல தாசில்தார் குடுத்த சர்டிபிகேட்ட மும்பை கமிட்டி மேசைல வச்சா மரியாதையா திருப்பிக் குடுத்துடுவாங்க. ஜாதி பேர் மகாராஷ்டிரா பட்டியல்ல இருக்கணும், அதோட 1950க்கு முந்தின மும்பை பேப்பரும் வேணும்.

தம்பிகிட்ட இதெல்லாம் சொல்லி முடிச்சப்ப அரை மணி நேரம் ஆயிருந்துச்சு. ஒரு வாரம் கழிச்சு ஒரு போட்டோ அனுப்பினான். தாத்தா படிச்ச முனிசிபல் ஸ்கூல் ரிஜிஸ்டர் பக்கம், 1948, பழுப்பு பேப்பர், மோடி எழுத்துல (மராத்திய அப்ப எழுதுன பழைய எழுத்து) கொஞ்சம், இங்கிலீஷ்ல கொஞ்சம். தாத்தா பேர் இருக்கு, ஊர் பேர் இருக்கு, தேதி கணக்குக்கு அருமையான பேப்பர். ஜாதிங்கிற கட்டத்துல அன்னைக்கு இருந்த கிளார்க் ஒரே ஒரு வார்த்தை எழுதி வச்சிருந்தார்: மதராசி.

"இது போதுமாண்ணே?"ன்னு கீழ கேட்டிருந்தான். தாத்தாவோட கூடப் பிறந்தவங்க வேற யாராச்சும் அதே ஸ்கூல்ல படிச்சாங்களா, அந்தப் பக்கத்தயும் தேடுன்னு பதில் போட்டேன், அப்ளிகேஷன இன்னைக்கே போட்டு ரசீத பத்திரமா வை, வேலிடிட்டி நம்பர் வர வரைக்கும் மாசா மாசம் கமிட்டிக்கு லெட்டர் எழுது, ஒவ்வொரு லெட்டருக்கும் இன்வர்ட் சீல், அதாவது லெட்டர் வந்து சேந்துச்சுன்னு ஆபீஸ்ல குத்துற முத்திரை, வாங்குன்னேன். ரிட் போட வேண்டி வந்தா அந்த சீல்தான் பேசும்.